நாற்பது சொட்டு

சென்ற மாதம் குடலிறக்க ஆபரேஷனுக்காக அடையாறில் ஒரு ஆஸ்பத்திரியில் எட்டு நாள் படுத்திருந்தேன். முப்பத்தைந்து வருஷத்துக்கு மேல் கம்பவுண்டராக இருந்து ஊரார் கைகளுக்கெல்லாம் சலைன் பாட்டில் மாட்டியவன் நான். அதே பாட்டிலை என் தலைக்கு மேல் தொங்கவிட்டபோதுதான் அந்த ஊசி எவ்வளவு தடிமன் என்று தெரிந்தது. சும்மா படுத்துக் கிடக்க முடியுமா? பழக்கதோஷம். சுவர்க் கடிகாரத்தைப் பார்ப்பதும் சொட்டை எண்ணுவதுமாக இருந்தேன். நர்ஸ் பெண் பார்த்துவிட்டாள்.

"இன்னா தாத்தா, எங்க மேல நம்பிக்க இல்லியா?"

"நம்பிக்கை இருக்கும்மா. ஒரு மில்லிக்கு எத்தனை சொட்டுன்னு வச்சுக் கணக்குப் போட்டே?"

அவள் ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. குழாய் வந்த உறையைத் தூக்கி என் மூக்குக்கு நேரே காட்டினாள். மில்லிக்கு இருபது சொட்டு என்று அதிலேயே அச்சடித்திருந்தது. எனக்கு வந்த சந்தோஷத்தில் "அல்ஹம்துலில்லாஹ்" என்று உரக்கவே சொல்லிவிட்டேன். பக்கத்துக் கட்டில்காரர் எழுந்து உட்கார்ந்துவிட்டார். இதற்குப் போய் ஏன் இத்தனை சந்தோஷம் என்று அந்தப் பெண் கேட்டாள். சொல்ல ஆரம்பித்தால் உன் டியூட்டி முடிந்துவிடும் என்றேன். அப்படியானால் எழுதிக் கொடுங்கள் என்றாள். எழுதுகிறேன்.

என் படிப்பைப் பற்றிப் பெரிதாக ஒன்றுமில்லை. ராயப்பேட்டையில் எங்கள் அத்தாவுக்குப் புத்தகம் பைண்டு செய்யும் தொழில். அந்தப் பசை நாற்றம் எனக்கு ஆகாது என்று அடம்பிடித்துக் கம்பவுண்டர் பரீட்சைக்குப் படித்தேன். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபதுகளின் கடைசி அது. அறுபது மினிம் ஒரு டிராம், எட்டு டிராம் ஒரு அவுன்ஸ், இருபது அவுன்ஸ் ஒரு பைண்ட். தூக்கத்தில் தட்டி எழுப்பிக் கேட்டாலும் ஒப்பிப்பேன். மினிம் என்றால் எவ்வளவு என்று ஒருநாள் வாத்தியாரைக் கேட்டேன். "ஒரு சொட்டுன்னு வச்சுக்கோடா" என்றார். நானும் அப்படியே வைத்துக்கொண்டேன். வகுப்பில் முப்பது பேர் இருந்தோம். எவனும் எதிர்க்கேள்வி கேட்கவில்லை.

பாஸ் செய்த கையோடு மயிலாப்பூரில் டாக்டர் கோமளம் அம்மாளின் நர்ஸிங் ஹோமில் சேர்ந்தேன். பத்துக் கட்டில் போட்ட சின்ன இடம். கோயில் குளத்திலிருந்து நாலு தெரு தள்ளி. டாக்டரம்மாவுக்கு என்னைவிட ஐந்தாறு வயதுதான் கூடுதல் இருக்கும். மயிலாப்பூரிலேயே பிறந்து வளர்ந்தவர். குரலை உயர்த்தி அவர் பேசி நான் கேட்டதில்லை. தரை துடைக்க வருகிற அம்மாளையும் "வாங்கோ" என்றுதான் கூப்பிடுவார், முதல் நாளே என்னையும் "காதர், சாப்டேளா?" என்று கேட்டுத் திகைக்க வைத்தார். ஆனால் கோபம் வந்துவிட்டால் போச்சு. மூக்குக் கண்ணாடியைக் கழற்றிப் புடவைத் தலைப்பால் துடைப்பார். ஒரு பக்கம், பிறகு மறு பக்கம், நிதானமாக. ஒரு வார்த்தை வராது. அந்த இரண்டு நிமிஷம் இருக்கிறதே, அப்பப்பா! திட்டித் தொலைத்திருக்கக் கூடாதா என்று இருக்கும்.

கணக்கு விஷயத்தில் அவர் பண்ணிய ரகளை கொஞ்சநஞ்சமல்ல. வெறும் எண்ணைச் சொன்னால் ஏற்கமாட்டார். "நாப்பது" என்றால் "நாப்பது என்ன? புடலங்காயா?" என்பார். எண்ணுக்குப் பக்கத்தில் அது அவுன்ஸா, டிராமா, நிமிஷமா என்று சிலேட்டில் எழுதியே ஆகவேண்டும். மேலே உள்ள அவுன்ஸும் கீழே உள்ள அவுன்ஸும் அடிபட வேண்டும். டிராமும் டிராமும் அடிபட வேண்டும். கடைசியில் நமக்கு எது தேவையோ அது மட்டும் நிற்க வேண்டும். நின்ற பிறகும் விடமாட்டார். "இப்போ கீழேருந்து மேல போங்கோ" என்பார். விடையிலிருந்து தொடங்கிப் பின்னோக்கிப் பெருக்கிக்கொண்டே போய் முதலில் எழுதிய அவுன்ஸில் முடிய வேண்டும். ஆரம்பத்தில் பல்லைக் கடித்துக்கொண்டு செய்தேன். ஒரு வருஷத்தில் எனக்கே அது பிடித்துப்போயிற்று. அப்புறம் தலைக்கனம் ஏறிவிட்டது. என் கணக்குத் தப்பாது, என் கையில் ஒரு சாமான் உடையாது என்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் பீற்றிக்கொண்டிருந்தேன்.

சாமான் என்று சொன்னேனே, அதில் ராணி மாதிரி ஒன்று இருந்தது. பாட்டிலிலிருந்து ஒரு சிவப்பு ரப்பர் குழாய் இறங்கி வரும். அதன் நடுவே பெருவிரல் பருமனில் ஒரு கண்ணாடிக் குமிழ். குமிழுக்குள்ளே மெல்லிய கண்ணாடி மூக்கு. அந்த மூக்கிலிருந்து மருந்துநீர் சொட்டுச் சொட்டாக விழுவதை வெளியிலிருந்தே பார்த்து எண்ணலாம். அதற்குக் கீழே ஒரு திருகு கிளிப். இறுக்கினால் சொட்டு குறையும், தளர்த்தினால் கூடும். கப்பலில் வந்த சாமான் அது. டாக்டரம்மா அதைத் தொடும்போதுகூடக் குழந்தையைத் தொடுவது மாதிரித் தொடுவார். ஊசி குத்துவது அவர் வேலை. பாட்டிலும் குழாயும் குமிழும் கிளிப்பும் என் பொறுப்பு.

அந்தக் குமிழை ஒருநாள் காலை நான் உடைத்தேன்.

முப்பதுகளின் நடுவில், ஒரு மழைக்காலம். கொதிக்கிற பாத்திரத்திலிருந்து இடுக்கியால் எடுத்து ஈரக் கல் மேடையில் வைத்தேன். வைக்கக் கூடாது என்று தெரியும். நினைப்பு எங்கோ இருந்தது. 'டிக்' என்று ஒரு சத்தம், அவ்வளவுதான், இரண்டு துண்டு. எனக்கு உடம்பெல்லாம் வேர்த்துவிட்டது. இத்தனை வருஷப் பீற்றலும் ஒரு நொடியில் மானத்தை வாங்கிவிடும் போலிருந்தது. சுற்றிலும் பார்த்தேன். யாருமில்லை. துண்டுகளைக் குப்பை வாளியில் போட்டு மேலே பழைய பஞ்சை அமுக்கினேன். அலமாரியின் மேல்தட்டில் வேறொரு கம்பெனிக் குமிழ் ஒன்று பிரிக்காமலே கிடந்தது. அதை எடுத்துக் கொதிக்க வைத்துக் குழாயில் மாட்டினேன். மூக்கு மட்டும் கொஞ்சம் பருமன். மற்றபடி அச்சு அசல் அதே மாதிரிதான். சொட்டு என்றால் சொட்டுதானே, இதைப் போய் யார் கண்டுபிடிக்கப் போகிறார்கள் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

ஒன்பதரை மணிக்கு வாசலில் ஒரு ஜட்கா வந்து நின்றது. அந்தக் காலத்து மயிலாப்பூரில் வீட்டுக்கு வீடு கிணறு, கிணற்றுக்குக் கிணறு கொசு. மழைக்காலம் வந்தால் மலேரியா காய்ச்சல் தெருத்தெருவாகப் படுத்தும். ஜட்காவிலிருந்து இறக்கப்பட்டவள் முனியம்மா. மாட வீதிகளில் எண்ணெய் விற்பவள். கிழக்கு மாட வீதியில் அவள் குரல் கொடுத்தால் தெற்கு மாட வீதியில் கிண்ணத்தோடு வாசலுக்கு வந்துவிடுவார்கள். அப்படிப்பட்டவளை அன்று அவள் புருஷன், அந்த ஜட்காவை ஓட்டும் கோவிந்தன், இரண்டு கையிலும் தூக்கிக்கொண்டு வந்தான்.

"பாய், நாலு நாளா ஜொரம். கொயினா தண்ணி குட்த்தா குட்த்த மேனிக்கு வாந்தி எடுத்துட்றா. ஒண்ணும் உள்ள நிக்க மாட்டேங்குது. எதுனா பண்ணு பாய்" என்று சொல்லும்போதே அழ ஆரம்பித்துவிட்டான்.

அந்த நிலையிலும் முனியம்மா கண்ணைத் திறந்தாள். "யோவ், அயுவாத. குதிரிக்குப் புல்லு போட்டியா?" என்றாள்.

டாக்டரம்மா ரத்தத்தைக் கண்ணாடித் தகட்டில் தடவிப் பார்த்துவிட்டு வந்தார். முகம் சரியில்லை. கெட்ட ஜாதி மலேரியா, வாய் வழியே மருந்து நிற்காது, ரத்தக்குழாயில்தான் ஏற்ற வேண்டும் என்றார். கொயினா என்கிற குயினைனை அப்படி ஏற்றுவது விளையாட்டில்லை. மெதுவாகப் போனால் மருந்து. வேகமாகப் போனால் இதயத்தை அமுக்கிவிடும். பத்து கிரெயின் எடை கொயினா, அரைப் பைண்ட் சலைனில், இரண்டு மணி நேரத்தில் ஏற வேண்டும் என்று உத்தரவானது.

சிலேட்டை எடுத்தேன். அரைப் பைண்ட் பத்து அவுன்ஸ். பத்து அவுன்ஸ் எண்பது டிராம். எண்பது டிராம் நாலாயிரத்து எண்ணூறு மினிம். மினிமுக்கு ஒரு சொட்டு. இரண்டு மணி நேரம் நூற்றிருபது நிமிஷம். வகுத்தால் நிமிஷத்துக்கு நாற்பது சொட்டு. கீழேயிருந்து மேலே போனேன், சரியாகப் பத்து அவுன்ஸில் முடிந்தது. டாக்டரம்மா தலையசைத்தார். பத்து மணிக்கு ஊசி ஏறியது. கையில் கடிகாரத்தோடு தலைமாட்டில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து நாற்பதுக்குக் கிளிப்பைத் திருகி வைத்தேன்.

பத்தரைக்குப் பாட்டிலைப் பார்த்தேன். பாட்டில்மேல் அவுன்ஸ் கோடு போட்ட காகிதம் ஒட்டியிருப்போம். அரை மணி நேரத்தில் இரண்டரை அவுன்ஸ் இறங்கியிருக்க வேண்டும். நாலாவது கோட்டை நெருங்கிக்கொண்டிருந்தது. சொட்டை எண்ணினேன், நாற்பது. மறுபடி எண்ணினேன், நாற்பதேதான். காகிதத்தை எவனோ கோணலாக ஒட்டியிருக்கிறான் என்று நினைத்தேன். ஒட்டியவன் நானே என்பதுகூட அப்போது தோன்றவில்லை.

"பாய், காதுல வண்டு பூந்த மாரி கீது" என்றாள் முனியம்மா.

"கொயினா போட்டா அப்டித்தாம்மா இருக்கும்" என்றேன். அது உண்மையும்கூட. அதனால்தான் அவள் சொன்னதை நான் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

பத்தே முக்காலுக்கு அவள் முகம் வெளுத்தது. நெற்றியெல்லாம் சில்லென்ற வேர்வை. "கண்ணு இருட்டினு வருது பாய்" என்றாள். நாடியைப் பிடித்தால் விரலுக்கே தட்டவில்லை. கத்தினேன். டாக்டரம்மா ஓடி வந்தார். மார்பில் குழல் வைத்துக் கேட்டார். பிறகு தம் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே ஒரு முழு நிமிஷம் சொட்டை எண்ணினார்.

"நாப்பதுதான் போறது. அப்போ இது மருந்தால இல்லே. நாலு கிரெயின்கூட இன்னும் உள்ள போயிருக்காது. ஜுரம்தான் ஜெயிச்சிண்டு வரது. காதர், அறுபதாக்கிடறேன்."

எனக்கு அந்த விநாடியில்தான் உறைத்தது. பருமனான மூக்கு. பெரிய சொட்டு. எண்ணிக்கை அதேதான், ஆனால் ஒவ்வொரு சொட்டிலும் மருந்து கூட. சொல்ல வேண்டியதுதானே? நாக்கு எழும்பவில்லை. இத்தனை வருஷம் கழித்தும் இதை எழுதக் கூசுகிறது. அந்தப் பெண் செத்துக்கொண்டிருக்கிறாள், நான் என் மானத்தைப் பற்றி யோசித்துக்கொண்டு நின்றேன். "கொஞ்சம் கொறச்சுப் பாப்பமா டாக்டரம்மா?" என்று மட்டும் முனகினேன்.

"ஏன் கொறைக்கணும்? கணக்கு சரியாத்தானே இருக்கு?" என்றபடி அவர் கிளிப்பைத் தளர்த்தக் கையை நீட்டினார்.

அவர் மணிக்கட்டைப் பிடித்துவிட்டேன். அந்தக் காலத்தில், அந்த இடத்தில், ஒரு கம்பவுண்டர் டாக்டரம்மாவின் கையைப் பிடிப்பது என்றால் என்னவென்று இன்றைய பிள்ளைகளுக்குப் புரியாது. கோவிந்தன் வாயைப் பிளந்தான்.

"தொறக்காதீங்க! கொமிழு மாத்திட்டேன். காலையில பழசு ஒடஞ்சிட்ச்சு. நான்தான் ஒடச்சேன். இது மூக்கு பெருசு."

டாக்டரம்மா கையை விடுவித்துக்கொண்டார். கிளிப்பை இறுக்கி மூடினார், ஊசியை உருவினார். கட்டிலின் கால்மாட்டுக்குச் செங்கல் கொடுக்கச் சொன்னார், வெந்நீர்ப் பை வைக்கச் சொன்னார், இதயத்துக்கு ஒரு ஊசி போட்டார். அதெல்லாம் முடிந்ததும் என் பக்கம் திரும்பாமலே, "அளங்கோ" என்றார்.

குழாயை வெறும் சலைன் பாட்டிலுக்கு மாற்றி, அதன் நுனியில் டிராம் அளவுக் கண்ணாடியைப் பிடித்தேன். குமிழுக்குள் விழுவதை ஒவ்வொரு சொட்டாக எண்ணினேன். அறுபது சொட்டுக்கு நிரம்ப வேண்டிய டிராம் நாற்பதிலேயே நிரம்பிவிட்டது.

"நாப்பது" என்றேன்.

"நாப்பது என்ன?"

"நாப்பது சொட்டு... ஒரு டிராமுக்கு."

அவ்வளவுதான், கணக்குத் தானாகவே விழுந்தது. நிமிஷத்துக்கு ஒரு டிராம் போயிருக்கிறது. முக்கால் மணியில் நாற்பத்தைந்து டிராம். முப்பது போக வேண்டிய நேரத்தில் நாற்பத்தைந்து. மீதி முப்பத்தைந்து டிராம். அறுபதாக்கியிருந்தால் அதுவும் அரை மணிக்குள் அவள் உடம்பில் இறங்கியிருக்கும். அதற்கப்புறம் கணக்குப் போட யாரும் தேவைப்பட்டிருக்காது.

அரை மணி நேரம் காத்திருந்தோம். நாடி நூல் மாதிரி திரும்பியது, பிறகு கொஞ்சம் கொஞ்சமாகக் கயிறு மாதிரி ஆயிற்று. மீதி மருந்தை இரண்டு மணி நேரத்தில் ஏற்றலாம் என்றார் டாக்டரம்மா. முப்பத்தைந்து டிராம், டிராமுக்கு நாற்பது சொட்டு, ஆயிரத்து நானூறு சொட்டு, நூற்றிருபது நிமிஷம். நிமிஷத்துக்குச் சுமார் பன்னிரண்டு. இந்தத் தடவை சிலேட்டில் 'சொட்டு' என்று எழுதிய இடத்திலெல்லாம் 'இந்தக் குமிழின் சொட்டு' என்று எழுதினேன். சாயங்காலம் நாலு மணிக்கு முனியம்மா கண் விழித்து, மோர் கொடுக்க இந்த ஆஸ்பத்திரியில் ஆளே இல்லையா என்று கேட்டாள். வாசலில் குதிரையைக் கட்டிக்கொண்டு நின்ற கோவிந்தன் மறுபடி அழுதான்.

என் சீட்டு கிழிந்தது என்றே முடிவு கட்டியிருந்தேன். மருந்து அறையில் போய் என் குடையை எடுத்து வைத்துக்கொண்டு நின்றேன். டாக்டரம்மா உள்ளே வந்தார், கதவருகிலேயே நின்றார்.

"காதர், நான் ஒண்ணு சொல்லணும். காலமே எட்டு மணிக்குப் பஞ்சு போட வந்தேன். வாளியில பஞ்சுக்கடியில ஒடஞ்ச கொமிழ் மினுங்கினதப் பார்த்துட்டேன்."

எடுத்த குடையைக் கீழே வைத்தேன்.

"நீங்களே வந்து சொல்லுவேள்னு காத்துண்டிருந்தேன். ஒண்ணுமே ஒடச்சதில்லேன்னு எல்லார்கிட்டயும் சொல்லிண்டு திரிவேளே, எவ்வளவு நேரம் தாங்கறேள்னு பார்க்கணும்னு ஒரு அல்ப ஆசை. உள்ளூர சிரிச்சிண்டிருந்தேன். வேற கொமிழ்னு தெரிஞ்சுண்டேதான் அவ தலைமாட்டுல நின்னு நாப்பதுன்னு எண்ணினேன், கொமிழ் மாறினா சொட்டும் மாறும்னு எனக்குத் தோணவே இல்லே. நீங்க சொல்லலேன்னா, தெரிஞ்ச நானாவது கேட்டிருக்கணும்." அவர் குரல் உடைந்துவிட்டது. "வாயத் திறந்தது நீங்கதான். நான் கடைசி வரைக்கும் திறக்கலே."

அவர் அழுது நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான். என்ன செய்வதென்று தெரியாமல் ஸ்டூலை இழுத்துப் போட்டேன். உட்காரவில்லை. ஏதேதோ சொன்னேன், இப்போது நினைவில்லை. அவரை எனக்கு அதற்கு முன்பும் பிடிக்கும். அன்றைக்குப் பிறகு அந்த நர்ஸிங் ஹோமை விட்டு வேறு இடத்துக்கு வா என்று யார் கூப்பிட்டாலும் போகத் தோன்றவில்லை.

அந்த வாரமே இருக்கிற குமிழ்களையெல்லாம் எடுத்து வைத்து இருவரும் அளந்தோம். ஒவ்வொன்றிலும் எத்தனை சொட்டு ஒரு டிராம் என்று தகரத் துண்டில் பொறித்துக் கம்பியால் கட்டினேன். டாக்டரம்மா அதன் பிறகு எந்தச் சீட்டிலும் சொட்டுக் கணக்கு எழுதியதில்லை. மணிக்கு இத்தனை அவுன்ஸ் என்றுதான் எழுதுவார். அதைக் கையில் இருக்கிற குமிழுக்குத் தக்கபடி சொட்டாக்குவது என் வேலையாயிற்று. ஆனால் இதெல்லாம் பிறகு நடந்தது. மறுநாள் காலை நடந்ததைச் சொல்லி முடிக்கிறேன்.

"வாங்கோ, அவகிட்டப் போய்ச் சொல்லிடலாம்" என்றார் டாக்டரம்மா. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அவளுக்கு எதுவும் தெரியாது. சொல்லாவிட்டால் ஊரில் ஒருவருக்கும் தெரியப்போவதில்லை. ஆனால் அவர் முன்னால் நடந்துவிட்டார், நானும் பின்னால் போனேன்.

முனியம்மா தலையணையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். கோவிந்தன் கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தான். டாக்டரம்மா எல்லாவற்றையும் ஒன்றுவிடாமல் சொன்னார். குமிழ் உடைந்தது, நான் மறைத்தது, தாம் பார்த்தும் பேசாமல் இருந்தது, சொட்டு பெரிதானது. அவளுக்காகக் கொஞ்சம் உரக்கவே சொன்னார். கோவிந்தனின் கை அப்படியே அந்தரத்தில் நின்றது. முனியம்மா அவரையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"சொட்டு பெருசா பூட்ச்சா?" என்றாள். "ஏன் பூடாது? எண்ண அளக்குற என் ஆழாக்கும் எதிர்த்த கடைக்காரன் ஆழாக்கும் ஒண்ணா? அத்தக் கூடவா டாக்டருக்குப் படிக்கச் சொல்ல சொல்லித் தர்ல?"

கோவிந்தன் கஞ்சிக் கிண்ணத்தைக் கீழே வைத்தான்.

"அத்த வுடு. ஒரு கண்ணாடி ஒடஞ்சத சொல்றதுக்கா ரெண்டு பேருக்கும் வாய் வர்ல? எம் புள்ள ஆறு வயசு. சட்டியப் போட்டு ஒடச்சா ஓடியாந்து சொல்லிடும், அடி வாங்கினாலும் சொல்லிடும். நான் பூட்டிருந்தா அது யார்கிட்டப் போய் சொல்லும்?"

இதைச் சொன்ன பிறகுதான் அவள் கண் கலங்கியது. முந்தானையால் துடைத்துக்கொண்டு டாக்டரம்மாவைப் பார்த்தாள்.

"இன்மே எதுனா ஒடஞ்சா சொல்லுவீங்களா?"

"சொல்றேன்மா" என்றார் டாக்டரம்மா.

"பாய், நீ?"

"சொல்றேன்" என்றேன். தரையைப் பார்த்துச் சொன்னதில் அது எனக்கே சரியாகக் கேட்கவில்லை.

"காதுல வுழல பாய். உரக்கச் சொல்லு."

கொயினாவின் இரைச்சல் இன்னும் அவள் காதை விட்டுப் போகவில்லை. பத்துக் கட்டிலுக்கும் கேட்கும்படி மறுபடி சொன்னேன்.